தமக்கையும் தங்கையும்: மதுரை நாடக மேடையில் வள்ளி திருமணம்

மதுரைக்குத் தென்மேற்கே ஏறத்தாழ எட்டுக் கிலோமீட்டர் தொலைவில் உள்ள திருப்பரங்குன்றத்தில், ஆண்டுதோறும் பங்குனித் திங்களில் தெய்வயானையின் திருமணம் விழாவாக நிகழ்கிறது. மீனாட்சியம்மையும் சொக்கநாதரும் மதுரையினின்று எழுந்தருளி, மகனின் திருமணத்தை முன்னின்று நடத்துவதாக மரபு. அதே பங்குனியிலும், அதனை அடுத்த சித்திரை, வைகாசித் திங்களிலும், மதுரையைச் சூழ்ந்த சமவெளியூர்களின் கோயில் திடல்களில் இரவு பத்து மணி தொடங்கி விடியும்வரை நிகழ்வது மற்றொரு திருமணம். அது வள்ளியின் திருமணம். தமக்கைக்குக் கோயிலும் பகலும். தங்கைக்கு மேடையும் இரவும். இப்பாகுபாடு எவ்வாறு அமைந்தது என்பதும், தவத்திரு சங்கரதாச சுவாமிகளின் 'வள்ளி திருமணம்' நாடகத்தில் இதற்குரிய இடம் யாது என்பதும் ஈண்டு ஆராயத்தக்கன.

வள்ளி திருமணத்தைத் தமிழ்க் களவொழுக்கத்தின் மேடை வடிவம் என்று கூறிச் செல்வது வகுப்பறைகளில் வழக்கமாகிவிட்டது. அக்கூற்றில் பிழை இல்லை. ஆயினும் அது பாதிச் செய்தியே. இந்நாடகம் மூலக்கதையில் உடன்பிறந்தார் இருவரின் கதை. அவர்கள் ஒரே தலைவனை விரும்பி, ஒரே பொய்கைக் கரையில் தவம் இருந்து, வெவ்வேறு வழியில் சென்று அவனை அடைந்தவர்கள். அவ்விருவருள் ஒருத்தியை மட்டும் மேடை எடுத்துக்கொண்டது. எடுத்துக்கொள்ளப்பட்டவளைப் பற்றிப் பேசும் நாம், விடப்பட்டவளைப் பற்றியும் வினவுதல் வேண்டும்.

முதற்கண் சங்க நூல்களை நோக்குவோம். நற்றிணையின் 82ஆம் பாட்டு, முருகனொடு சென்ற வள்ளியைத் தலைவிக்கு உவமையாக்குகிறது. திருமுருகாற்றுப்படை தன் தொடக்கத்திலேயே முருகனைக் குற்றமற்ற கற்புடைய ஒருத்தியின் கணவன் என்கிறது; உரையாளர் அவளைத் தெய்வயானை என்று கொள்வர். அந்நூலே பின்னர், ஆறு முகங்களின் செயல் கூறுமிடத்து, ஒரு முகம் வள்ளியொடு நகை பொருந்தியது என்கிறது. கற்பு ஒருத்திக்கும் நகை மற்றொருத்திக்கும் உரியனவாய் அமைந்த இப்பங்கீடு தற்செயலானது என்று நமக்குத் தோன்றவில்லை.

இருவரும் எதிர்எதிர் நிற்பது பரிபாடலின் ஒன்பதாம் பாடலில். குன்றம்பூதனார் பாடிய அப்பாடல் முழுமையும் பரங்குன்றத்தைக் களமாகக் கொண்டது. வள்ளியை முருகன் மணந்த நாளில் தேவசேனையின் கண்ணீர் பரங்குன்றில் கார்மழையாய்ப் பொழிந்தது என்று தொடங்குகிறது நிகழ்ச்சி. நான்மறை விரித்து உரைக்கும் புலவரை விளித்து, களவின் சிறப்பைக் கேட்குமாறு கூறுகிறார் புலவர். பின்னர்த் தேவசேனையின் ஊடல், முருகனின் வணக்கம், அதன்பின் ஒருத்தியின் மயிலொடு மற்றொருத்தியின் மயில் பொருகிறது, கிளிகள் மாறுபடுகின்றன, கூந்தலில் மொய்த்த வண்டுகளும் பகைக்கின்றன. ஈற்றில் இருவர்தம் தோழியரும் மாலையும் பந்தும் படைக்கலமாகக் கொண்டு போர் தொடுக்கின்றனர். தமிழில் கற்பும் களவும் இரு பெண்களாய் நேர்நின்று வழக்காடும் இடம் இதனினும் தெளிவாக வேறில்லை. நாடகத்திற்கு வேண்டும் அனைத்தும் இப்பாடலில் உள. ஆயின் இருவரும் உடன்பிறந்தார் என்னும் செய்தி மட்டும் இதில் இல்லை. அவர்கள் மாற்றாள் முறையினரே.

உடன்பிறப்பாக்கியது புராணம். கச்சியப்ப சிவாச்சாரியாரின் கந்தபுராணத்தில் திருமாலின் மகளிராகிய அமுதவல்லியும் சுந்தரவல்லியும் முருகனை மணத்தல் வேண்டிச் சரவணப் பொய்கையின் பாங்கர்த் தவம் செய்கின்றனர். அவன் தோன்றி, மூத்தவளை இந்திரன் மகளாக வளருமாறும் இளையவளை மண்ணுலகில் பிறக்குமாறும் பணிக்கிறான். மூத்தவள் குழந்தை வடிவில் தானே இந்திரனிடம் செல்கிறாள். ஐராவதம் அவளை வளர்க்கிறது. தெய்வயானை என்னும் பெயர் அதனால் வந்தது. சூரன் வீழ்ந்தபின் திருப்பரங்குன்றத்தில் இந்திரன் அவளை மணஞ்செய்து கொடுக்கிறான். இளையவள் வள்ளிமலையில் மான் வயிற்றில் தோன்றி, வள்ளிக்கிழங்கு அகழ்ந்த குழியில் கிடந்து, வேடர் தலைவன் நம்பியால் எடுத்து வளர்க்கப்பெற்றுத் தினைப்புனம் காக்கிறாள். தேவகாண்டத்தின் தொடக்கத்தில் ஒரு திருமணம். தட்சகாண்டத்தின் முடிவில், அஃதாவது நூல் முழுமையின் முடிவில், மற்றொரு திருமணம். பதினாயிரத்துக்கு மேற்பட்ட பாடல்களைக் கொண்ட நூலில் இவ்வமைப்பு எண்ணிச் செய்ததே. வள்ளியொடு முருகன் திரும்பியபோது தெய்வயானை அவளைத் தழுவி வரவேற்கிறாள். அவர்தம் பழம்பிறப்பு அப்போது எடுத்துரைக்கப்படுகிறது. பரிபாடலில் கண்ணீராய் நின்றது இங்குத் தழுவலாய் முடிகிறது.

இவ்விடத்து ஒரு தவறான எண்ணத்தை நீக்குதல் நன்று. வள்ளி தானே தேர்ந்தவள், தெய்வயானை பிறரால் கொடுக்கப்பட்டவள் என்று இருவரையும் எதிர்நிறுத்திக் கூறுவார் பலர். வள்ளியே தமிழ்க்குரியவள், தெய்வயானை வடக்கிருந்து வந்தவள் என்று இதனை மேலும் நீட்டுவாரும் உளர். சங்கப் பாடல்கள் வள்ளியை முந்தியவளாகக் காட்டுவதால் வரலாற்று நோக்கில் அக்கூற்றுக்கு ஓரளவு இடமுண்டு. ஆயின் புராணக் கதையை அவ்வாறு படித்தல் பொருந்தாது. தவமிருந்தவர் இருவர், விரும்பியவரும் இருவர். மூத்தவளும் தன் தலைவனைத் தானே தெரிந்தவளே. தெரிந்தபின் கொடைக்குக் காத்திருத்தலை வழியாகக் கொண்டாள். இளையவள் வழியோ கொடைக்கு முன்னரே கூடுதல். வேறுபாடு விருப்பத்தில் இல்லை, வழியில்தான் உளது.

இனி நாடகத்திற்கு வருவோம். 1867இல் தூத்துக்குடி வட்டாரத்துக் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்த சங்கரதாச சுவாமிகள், பழனித் தண்டபாணி சுவாமிகளிடம் தமிழ் கற்றவர், யமன், சனி முதலிய வேடங்களில் அவையை நடுங்கவைத்த நடிகர், பின் ஆசிரியர். 1918இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கினார். டி. கே. எஸ். உடன்பிறப்புகள் இளம் சிறுவராய்ச் சேர்ந்து பயின்றது அச்சபையிலேதான். 1922இல் புதுச்சேரியில் சுவாமிகள் மறைந்தார்.

பரிபாடலை உ. வே. சாமிநாதையர் முதன்முதல் அச்சிட்டு வெளியிட்டதும் அதே 1918ஆம் ஆண்டில் என்பதை ஈண்டு நினைத்தல் தகும். பரங்குன்றத்து வழக்காடல் ஏட்டிலிருந்து அச்சுக்கு வந்த ஆண்டில், பரங்குன்றத்துக்கு அண்மையில் ஒரு நாடக சபை தோன்றுகிறது. ஆயின் இரண்டும் ஒன்றையொன்று சந்திக்கவில்லை. சுவாமிகளுக்கு வாயிலாக இருந்தது கந்தபுராணமும் அதனை ஒட்டிய வாய்மொழி மரபுமே. சந்தித்திருந்தால் தமிழ் மேடைக்கு இருதலைவியர் நாடகம் ஒன்று கிடைத்திருக்குமோ என்று எண்ணும்போது சற்று ஏக்கம் பிறக்கத்தான் செய்கிறது. மக்கள் வழக்கில் வள்ளியும் தெய்வயானையும் ஒருவரையொருவர் ஏசும் ஏசற் பாட்டுகள் சிறு நூல்களாய் உலவின என்பது உண்மையே. அவை சிரிப்புக்கு உரியன, வழக்கை ஆழப்படுத்துவன அல்ல.

நாடகத்தில் நாரதர் தினைப்புனத்திற்கு வந்து வள்ளியொடு சொல்லாடுகிறார். பின் முருகனிடம் சென்று அவளைப் பற்றிக் கூறுகிறார். முருகன் வேடனாய் வருகிறான், வேங்கையாய் நிற்கிறான், விருத்தனாய்த் தள்ளாடுகிறான். யானை வந்து அச்சுறுத்தியபின் காதல் கைகூடுகிறது. நிகழ்ச்சிகளைப் புராணத்தொடு ஒப்பிட்டால் பெரிய மாற்றம் இல்லை. மாற்றம் அளவில் உளது. புராணத்தில் சில பாடல்களில் முடியும் வினாவிடை, மேடையில் மணிக்கணக்கில் நீளும் தர்க்கம் ஆகிறது. முதலில் நாரதருக்கும் வள்ளிக்கும், பின்னர் வேடனுக்கும் வள்ளிக்கும். வந்தவன் யார், அவன் சொல்லை ஏன் நம்புதல் வேண்டும், மணம் என்பது பெண்ணுக்கு என்ன தரும் என்று ஒவ்வொன்றையும் வள்ளி வினவுகிறாள்; பாட்டுக்குப் பாட்டும் உரைக்கு உரையுமாக விடை பெற்றாலன்றி ஓரடியும் விட்டுக்கொடுப்பதில்லை.

ஸ்பெஷல் நாடகம் என்று வழங்கும் முறை இத்தர்க்கத்தை இன்னும் வளர்த்தது. நிலையான கம்பெனி இன்றி, இராசபார்ட், ஸ்திரீபார்ட், நாரதர், பபூன், நடனம் என நடிகர் தனித்தனியே ஓர் இரவுக்கு ஒப்பந்தமாகி, மேடையிலேயே ஒருவரையொருவர் சந்திக்கும் முறை அது. ஒத்திகை இல்லை. சுவாமிகளின் பாட்டும் கதைப்போக்கும் அனைவர்க்கும் பொதுவான பாடம் ஆதலின் அது இயன்றது. ஆயின் தர்க்கத்தில் எதிராளி என்ன வினவுவார் என்பது முன்னரே தெரியாது. ஆகவே வள்ளியாய் நிற்கும் நடிகை உண்மையாகவே விடை தேட வேண்டியவள் ஆகிறாள். களவொழுக்கத்தின் இயல்பே இதுதான். யாரும் முன்னின்று பேசாத இடத்தில் பெண் தானே பேச வேண்டும். கொடைவழி மணத்தில் பேசுபவர் தந்தையும் சுற்றமும். மணமகள் தலைகவிழ்ந்து நிற்பதே மரபு. அவளிடம் நாடகாசிரியன் எதைப் பேசச் சொல்வான்? இந்நாடகக் குழுவின் பங்கீட்டில் தெய்வயானைக்கு இடமில்லாமல் போனதற்கு அடிப்படைக் காரணம் இது என்றே கருதுகிறோம். தமக்கை வழி சிறப்பிற் குறைந்தது என்பதனாலன்று. அதில் உரையாடல் இல்லை என்பதனால் மேடை அதனைக் கைவிட்டது.

இக்காலத்துத் திரைப்படம் ஊமையாயிருந்தது என்பதையும் உடன்வைத்து நோக்குதல் வேண்டும். 1910களின் இறுதியில் சென்னையில் நடராச முதலியார் 'கீசக வதம்' எடுத்தது முதல், 1931 அக்டோபரில் 'காளிதாஸ்' வெளிவந்ததுவரை, தென்னாட்டுத் திரை பேசவில்லை. பேசாத திரைக்கு ஏற்றவை வதமும் துகிலுரிதலும் போலக் கண்ணாற் கண்டு அறியும் நிகழ்ச்சிகள். மேலைநாட்டில் அவ்வூமைப் படமே உடன்பிறந்தார் கதையை எடுத்தபோது செய்ததை ஒப்பிட்டுக் காணலாம். 1921இல் அமெரிக்க இயக்குநர் கிரிஃபித் எடுத்த 'ஆர்பன்ஸ் ஆஃப் தி ஸ்டார்ம்' என்னும் படத்தில், ஒன்றாய் வளர்ந்த இரு பெண்கள் பிரெஞ்சுப் புரட்சிக்காலப் பாரிசில் பிரிக்கப்படுகின்றனர். அவ்வேடங்களை ஏற்ற லிலியன் கிஷ், டாரதி கிஷ் இருவரும் உண்மையிலேயே உடன்பிறந்தார். கண்ணிழந்த தங்கை தெருவில் பாடி இரக்கிறாள். மாடியில் இருக்கும் தமக்கையின் செவியில் அக்குரல் விழுகிறது. படத்தில் ஒலி இல்லை. கேட்பவள் முகத்தில் கேட்டல் எழுதப்பட்டிருப்பதைக் கண்டே நாம் அக்குரலை அறிகிறோம். அங்குப் பெண்கள் வழி பிரிவது புறத்தார் கொடுமையால். அவர்கள் தெரிந்தது அன்று. முகம் போதுமானதாயிருந்ததற்கு அதுவும் ஒரு காரணம். துன்பத்தை முகம் காட்டும். தெரிவுக்குரிய காரணத்தை முகம் காட்டாது, அதற்குச் சொல் வேண்டும். வள்ளியின் கதை சொல்லால் ஆயது. ஊமைத்திரை ஓடிய ஆண்டுகளில் அது மேடையில் ஓங்கி நின்றதும், திரை பேசத் தொடங்கிய இரண்டே ஆண்டுகளில், 1933இல், சாமிக்கண்ணு வின்சென்டின் முயற்சியில் டி. பி. இராசலட்சுமி வள்ளியாக நடித்த படம் வெளிவந்து பெருவெற்றி கண்டதும் இதற்குச் சான்று. 1945இல் வந்த 'ஸ்ரீ வள்ளி'யில் நடித்தவர் ருக்மிணி; பாட்டுக்குரல் மட்டும் பி. ஏ. பெரியநாயகியுடையது. வள்ளிக்கு முகத்தினும் குரலே முதன்மை என்பதைத் திரைத்தொழிலாரும் உணர்ந்திருந்தனர் போலும்!

தினைப்புனம் மேடைக்கு அளித்த மற்றொரு நலனையும் கூறவேண்டும். தெய்வயானையின் களம் இந்திரனுலகு. வள்ளியின் களம் கதிர் முற்றிய கொல்லை, கையில் கவண், எதிரே பறவைக் கூட்டம். மானாவாரி நிலத்தில் சோளமும் கம்பும் காத்த பெண்கள் நிறைந்த மதுரை, இராமநாதபுரம், சிவகங்கைச் சீமைகளின் அவைக்கு இதனினும் அணுக்கமான காட்சி வேறு யாது? அவைக்கு அணுக்கமாயிருந்தமையின் அக்காட்சி அரசியலுக்கும் இடந்தந்தது. சிவகாசியில் 1886இல் பிறந்து மதுரையை அடுத்த திருமங்கலத்தில் வாழ்ந்த விசுவநாததாஸ், முருகனாய் வந்து வெள்ளைக் கொக்கைச் சுட்டிப் பாடியபோது, விரட்டப்படுவது எது என்பது திடலில் இருந்த ஒவ்வொருவர்க்கும் விளங்கியது. காவல் துறைக்கும் விளங்கியது. பலமுறை சிறை சென்ற அவர், 1940 டிசம்பர் 31 அன்று சென்னையில் இதே நாடகத்தில் மயில்மேல் முருகனாய் அமர்ந்து பாடிக்கொண்டிருந்த நிலையிலேயே உயிர் துறந்தார். இந்திரன் அவையில் நிகழும் திருமணத்தில் இப்பாட்டுக்கு இடம் இருந்திருக்க முடியாது.

இறுதியாக, வள்ளி வேடத்தைத் தாங்கியவர் யார் என்பது எளிதில் கடந்துபோகக்கூடிய வினா அன்று. பாலர் சபையில் பெண் வேடம் சிறுவர்க்கே உரியது. தன் தலைவனைத் தானே தெரியும் பெண்ணின் சொல்லை அங்கு உரைத்தவன் பத்து, பன்னிரண்டு வயதுச் சிறுவன். அவன் அறிந்தது சொல்லின் ஒலியையே. ஸ்பெஷல் நாடகத்தில் அச்சொல் பெண்ணின் வாய்க்கு வந்தது. குழந்தை மணத்தைத் தடுக்கும் சாரதா சட்டம் 1929இல்தான் நிறைவேறியது. பெண்ணின் மண வயது பதினான்கு என்று அது வரையறுத்தது. மணம் பற்றிப் பெண்ணைக் கேட்கும் வழக்கம் வீடுகளில் அரிதாயிருந்த காலத்தில், விடியும்வரை ஒரு பெண் நின்று, மணத்தைப் பற்றி ஆடவர் இருவரை மாறி மாறி வினவினாள். ஊர் அமர்ந்து கேட்டது. கேட்ட ஊரே அந்நடிகையைத் தன் வீட்டு மருமகளாக ஏற்றிராது. மேடையில் போற்றப்பட்ட தங்கை வழி, மேடையைவிட்டு இறங்கியபின் அவளுக்குத் தண்டனையாயிற்று. தமக்கை வழியோ அவளுக்கு அடைக்கப்பட்டிருந்தது. நாடக இலக்கியத்தைப் பாடமாக மட்டும் பயில்வார் காணாத பக்கம் இது.

கொடுமுடி கே. பி. சுந்தராம்பாளின் வாழ்வை இவ்விடத்து எண்ணாதிருத்தல் அரிது. 1926இல் இலங்கையில் எஸ். ஜி. கிட்டப்பாவொடு இணைந்து நடிக்கத் தொடங்கினார். வள்ளி திருமணம் அவ்விருவர்க்கும் பெரும்புகழ் ஈட்டிய நாடகம். 1927இல் இருவரும் மணந்துகொண்டனர். கிட்டப்பாவுக்கு அதற்கு முன்னரே மணமாகியிருந்தது. தர்க்கத்தில் வேடனை வென்றவர்க்கு வாழ்க்கையில் வாய்த்தது இளையாள் நிலை. தழுவி வரவேற்கும் தமக்கை புராணத்தில் இருந்தாள், வாழ்க்கையில் அவ்வாறு எளிதில் அமைவதில்லை. 1933 டிசம்பரில் கிட்டப்பா மறைந்தபின் சுந்தராம்பாள் வெள்ளாடை பூண்டார். ஆடவரொடு இணைந்து காதற்பகுதி நடிப்பதை அறவே விட்டார். 1935இல் நந்தனாராக ஆண் வேடம் தாங்கித் திரைக்கு வந்தார். 1953இல், கொடைவழியும் களவுவழியும் வேண்டாது முதுமையைக் கேட்டுப் பெற்றவள் என்று கதை கூறும் ஔவையாராக நடித்தார். மதுரைச் சபையில் சுவாமிகளிடம் பயின்ற சிறுவருள் ஒருவராகிய டி. கே. சண்முகமும் மேடையில் அதே ஔவையாராக நடித்துத்தான் 'ஔவை' சண்முகம் என்று பெயர் பெற்றார்.